மிச்ச அறுபத்தைந்து

எலும்பு டொக்டர் என் வலது மணிக்கட்டைத் திருப்பினார்.
திரும்பினமட்டும் பாகைமானி வைத்து அளந்தார்.
பிள்ளைகளின் கொம்பாஸ் பெட்டிக்குள் கிடக்குமே, அது மாதிரித்தான்,
கொஞ்சம் பெரிசு, இரும்பு.
முப்பத்தைந்து வீதம் என்று எழுதினார்.
நிரந்தரம். பகுதி. இயலாமை.
மூன்று சொல்லும் தனித்தனியே விளங்கின,
சேர்த்து வாசித்தால்
வேறு ஆரோ ஒருவரைப் பற்றி.

கொம்மாதுறையில் மண் டிப்பர் இடித்தது,
பெப்ரவரி, இரவு பத்தே முக்கால்,
கடை பூட்டி வீட்டுக்கு வருகிற நேரம்.
சைக்கிள் காண்டிலில் தொங்கிய பார்சல்
ரோட்டு முழுக்கச் சிதறிப்போச்சுதாம்.
நாய்கள் வந்து தின்றதைப்
பொலிஸ் அறிக்கை சொல்லவில்லை.

காப்புறுதிக் கொம்பனியின் கணக்கு இது:
நாட்கூலி இரண்டாயிரத்து ஐந்நூறு.
மாதம் இருபத்தாறு நாள்.
அறுபத்தையாயிரம்.
அதில் முப்பத்தைந்து வீதம்
இருபத்திரண்டாயிரத்து எழுநூற்றைம்பது.
இவர் மாதம் இழப்பது அவ்வளவுதான், என்றார் அவர்களின் சட்டத்தரணி,
மிச்சம் அவரிடமே இருக்கிறது.

இருக்கிறது, ஐயா.
அந்த மிச்ச அறுபத்தைந்தைத் தூக்கிக்கொண்டு
ஏறாவூர், சித்தாண்டி, வாழைச்சேனை வரைக்கும்
கடை கடையாய் ஏறி இறங்கினேன்.
ஒற்றைத் தகட்டுக்காரனுக்குக்
கொத்துக் கல்லில் இடமில்லை,
அரைக் கூலிக்கும் இல்லை.
மஃறூப் முதலாளி நல்ல மனிசன்,
கல்லாவில் இரு என்றார்.
விரல் பிடிக்கும், கை கிறுகாது,
உள்ளங்கை வானம் பார்க்காது,
சில்லறை கொட்டிப்போகும்.
இடக்கையால் நீட்டினேன்.
இரண்டாம் நாள் ஒரு ஹாஜியார்
மேசையில் வை தம்பி, என்றார்.
கோபமில்லாமல்தான் சொன்னார்.
வைத்தேன்.
மூன்றாம் நாள் போகவில்லை.

இன்னொன்று, அது எந்தப் படிவத்திலும் இல்லை.
கழுவுகிற கையால்தான் இப்போது சாப்பிடுகிறேன்.
கல்யாண வீட்டில் பந்திக்கு இருப்பதில்லை,
வயிறு சரியில்லை என்பேன்.
வீட்டில் தேவமலர் கரண்டி வைக்கிறாள்;
கரண்டிக்குச் சோறு குழைக்கத் தெரியாது,
மீனாணம் ஒரு பக்கம், சோறு ஒரு பக்கம்.
இதற்கு எத்தனை வீதம் என்று கேட்க
எனக்கு வெட்கம்.
எங்கள் சட்டத்தரணிக்கு நேரமில்லை.

குறுக்கு விசாரணை.
பேனை பிடிப்பீர்களா?
பிடிப்பேன்.
கையெழுத்து?
போட்டேன்.
குணரெத்தினத்தில் 'ரெ' மட்டும் கொஞ்சம் சரிந்தது.
பாருங்கள் கனம் நீதிபதி அவர்களே, என்று
என் பெயரையே எனக்கெதிராய்த் தூக்கிப் பிடித்தார்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.
இரண்டு கையாலும் அப்படி என்னதான் செய்தீர்?

சொல்லத் தெரியவில்லை.
முன்பு எப்படி என்பதை வாயால் காட்டினேன்:
டக்கட டக்கட டக்கட டக்கட.
இப்போது எப்படி என்பதைச்
சாட்சிக் கூண்டுப் பலகையில்:
டக்
          டக்
                    டக்

பின்வாங்கில் ஆரோ சிரித்தார்கள்.
சுருக்கெழுத்துப் பிள்ளை விரலை நிறுத்தி
நீதிபதியைப் பார்த்தாள், இதை எப்படி எழுதுவதென்று.
'சாட்சி பலகையில் தட்டிக் காட்டுகிறார்.'
அவ்வளவும்தான் பதிவில்.
இரண்டு டக்குக்கும் நடுவில் இருந்ததை அவள் எழுதவில்லை,
அங்கே ஒன்றும் இல்லை.
அந்த ஒன்றுமில்லைக்குத்தான் வழக்கு.

மறுதவணை மே பதினாறு.

மறுகா, வாழைச்சேனை பஸ்ஸில் நின்றபடி வந்து
செங்கலடிச் சந்தியில் இறங்கினேன்.
நான் நின்ற கல்லில் ஒரு பெடியன்,
கிரான் பக்கமாம்.
தூண் மறைவில் நின்று கேட்டேன்.
மூன்றாம் அடிக்குப் பிறகு கொஞ்சம் அவசரப்படுகிறான்,
மற்றபடி
நல்லாத்தான் அடிக்கிறான்.

முட்டை இல்லாமல் ஒரு பார்சல் சொன்னேன்.
இடக்கையால் வாங்கினேன்.
அவன் கவனிக்கவில்லை,
அடுத்ததைக் கொத்தத் தொடங்கிவிட்டான்.