காலை பத்தரை, ஐந்து கிளாஸ்

பத்தரைதான் நல்ல நேரம்.
காலைக் காப்பி நாக்கைவிட்டு இறங்கியிருக்கும்,
மதியப் பசி இன்னும் படியேறியிருக்காது.
கென்டக்கியில், எங்கள் மாதிரி அறையில்
நாலு பேர், ஐந்து கிளாஸ் போர்பன், ஆளுக்கொரு துப்புக் குவளை.
பீப்பாய் எண்களை மறைத்து
சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டியிருப்பாள் வனெட்டா.

முதலில் பார்க்க வேண்டும், சாய்த்து, சன்னலுக்கு நேரே.
அப்புறம் முகர வேண்டும், வாயைச் சற்றே திறந்தபடி;
மூடிக்கொண்டால் சாராயம் மூக்கைக் குத்தும்.
பத்தொன்பது வருஷமாக அப்படித்தான்.
ஜனவரிக் காய்ச்சலுக்குப் பிறகும் அப்படித்தான்,
கிளாஸுக்குள் ஒன்றுமே இல்லை என்பதைத் தவிர.

ஒன்றுமே என்றால்:
கண்ணாடி. ஈரம். என் மூச்சு.

டெல்பர்ட் எதை முகர்ந்தாலும் புகையிலைக் கொட்டகை என்பான்.
ஹோலிஸ் ஒரு பழக்கடை:
பேரிக்காய், செர்ரி, ஆரஞ்சுத் தோல்,
போன வாரம் "பழுக்கவா வேண்டாமா என்று யோசிக்கும் வாழை."
வனெட்டா குறைவாகச் சொல்வாள்.
"மழைக்கு மறுநாள் சர்ச் பெஞ்சு" என்றாள் ஒருமுறை;
அந்த ஒரு பீப்பாயை வேறெதனோடும் கலக்காமல்
தனியாகப் பாட்டிலில் அடைத்தோம்.
நான் கடைசியாகப் பேசுகிறவன் ஆனேன்.
அவர்கள் புருவம் ஏறுவதைப் பார்த்து
வெனிலா என்று எழுதினேன்.
புதிதாய்க் கரித்த ஓக்கில் கிடந்த எதற்கும்
வெனிலா என்றால் பாதி உண்மை.

ஆனால் நாக்கு சாகவில்லை.
இனிப்பு இருந்தது. எரிச்சல் இருந்தது.
துவர்ப்பு இருந்தது,
கடைவாய்க்குப் பின்னால், ஈறு சுருங்க,
உள்ளிருந்து யாரோ கன்னத்தைக் கிள்ளுவதுபோல.
வாசனை சத்தம் போட்டுக்கொண்டிருந்த வருஷங்களில்
அதை நான் நின்று கேட்டதே இல்லை.

கிட்டங்கி ஏழு மாடி.
உச்சியில் கோடை தகரக் கூரையைக் காய்ச்சும்;
மது மரத்துக்குள் புகுந்து, புகுந்து,
ஒவ்வொரு முறையும் கொஞ்சம் துவர்ப்போடு வெளிவரும்.
கீழ்த்தளத்தில் அது சோம்பேறி,
மக்காச்சோளத்தின் இனிப்பு போட்டது போட்டபடி உட்கார்ந்திருக்கும்.
கோதுமை சேர்த்தது நாக்கின் நடுவில் படுக்கும்,
ரை சேர்த்தது ஓரமாகவே ஓடும்.
ஏப்ரலுக்குள் எனக்கு
மாடியை எண்ணத் தெரிந்துவிட்டது.

செவ்வாய்க்கிழமை, நாலாவது கிளாஸ்.
எல்லாமே ஏழாம் மாடி, ஒன்பது வருஷம் என்றது காகிதம்.
டெல்பர்ட் கொட்டகைக்குள் போய்விட்டான்.
ஹோலிஸ் கண்ணை மூடிக்கொண்டான்.
வனெட்டா எண்பத்தெட்டு போட்டாள்.
புருவங்களைப் பார்க்க மறந்து நான் சொன்னேன்:
"இது ஏழாம் மாடி இல்லை.
ரெண்டு. மிஞ்சினால் மூணு."

பதிவேட்டைப் புரட்டினார்கள்.
மூன்றாவது கோடையில் கூரை ஒழுகி
பன்னிரண்டு பீப்பாய்களைக் கீழே உருட்டியிருக்கிறார்கள்,
காகிதத்தை யாரும் திருத்தவில்லை.
"டாக்கெட், உன் மூக்கை இன்ஷூர் பண்ணணும்யா" என்று
ஹோலிஸ் முதுகில் அடித்தான்.
துப்பிவிட்டுச் சிரித்தேன்.

வெளியே கிட்டங்கிச் சுவரெல்லாம் கறுப்பு.
பீப்பாயிலிருந்து கசிகிற ஆவியைத் தின்று வளரும் பூஞ்சை.
தேவதைகளின் பங்கு என்பார்கள் அந்த ஆவியை;
பூஞ்சையைக் கணக்கில் சேர்ப்பதில்லை.
ஊருக்கே தெரிந்த காற்று அது,
பெட்ரோல் போட நிற்கிற வெளியூர்க்காரன்கூட
மூச்சை ஒருமுறை ஆழ இழுப்பான்.
நானும் இழுத்தேன்.
குளிர்ச்சியாக இருந்தது.

வீட்டில் ஆர்டித் ஃப்ரிட்ஜைத் திறந்து
பால் டப்பாவை நீட்டினாள்:
"கெட்டுப்போச்சா பாரேன்."
ஒரு வாய் குடித்தேன்.
நாக்கின் நடுவில் வைத்து, ஓரங்களுக்கு அனுப்பி,
"ஆமாம், புளிச்சிருக்கு" என்றேன்.

டப்பாவை அவள் திரும்ப வாங்கவில்லை.
"மூடியைத் திறந்ததுமே
இங்கே வரைக்கும் அடிக்குதே," என்றாள்.
"அதை ஏன் குடிச்சே?"