எட்டாம் நம்பர் பாலம்

ஒரு நாளைக்கு முன்னூற்றைம்பது வெள்ளி.
பெட்ரோல் என்னுடையது, மதியச் சாப்பாடு அவர்களுடையது.
தனி ஆளுக்குத் தனிப் பயணம் என்று அட்டை அடித்திருக்கிறேன்.
அட்டையில் என் பெயர்: பத்துமலை.
'நேற்று உங்கள் மீதுதான் ஏறினேன்' என்றார் சொக்கோரோ,
'இருநூற்று எழுபத்திரண்டு படி.
முழங்கால் இன்னும் திட்டுகிறது.'

அறுபத்தாறு வயது. மெக்சிக்கோ.
சக்கத்தேக்காஸ் என்ற ஊரில்
முப்பத்தோரு வருடம் இதே வேலை பார்த்தவர்.
அதைக் காலையிலேயே சொல்லியிருக்கலாம்.

மணிக்கூண்டில் தொடங்கினேன்.
எப்போதும் அங்கேதான்; எட்டரைக்கு மேல் நிழல் நிற்காது.
ரயிலடி, தபால் ஆப்பீசு,
துரைமார் கிளப்பில் மிஞ்சிய பில்லியர்ட்ஸ் மேசையின் மூன்று கால்,
அஞ்சடியில் சாயம் உரிந்த தூண்கள்.
எந்த வருடம் கட்டியது என்று நான் வாய் திறக்குமுன்
சுவரைத் தட்டிப் பார்த்தார்,
தர்பூசணி வாங்குகிறவர் மாதிரி.
'எங்கள் ஊரில் கல் இளஞ்சிவப்பு.
மாலை வெயிலில் அதைப் பார்த்து ஆட்கள் அழுவார்கள்.
எங்கே நிறுத்தினால் அழுவார்கள் என்று எனக்குத் தெரியும்.'

மதியம் ஆ லோக் கடையில் மீ கோரெங்.
பச்சை மிளகாயை வெறும் வாயில் கடித்துக்கொண்டே கேட்டார்:
போனில் மனைவியிடம் நான் பேசியதில்
ஒரு சொல் திரும்பத் திரும்ப வந்ததே, அது என்ன?
வெள்ளி, என்றேன். காசுக்கு எங்கள் பேச்சில் அதுதான்.
உலோகம் இருக்கிறதே, அதே வெள்ளி.
மென்ற வாய் நின்றது.
அவர் ஊர் மலைக்குள் வெள்ளிச் சுரங்கம்.
இப்போது சின்ன ரயில் விட்டிருக்கிறார்களாம் உள்ளே,
ஆளுக்கொரு தொப்பி கொடுத்து.

பிறகு புக்கிட் செலாரோங் தோட்டம்.
பெரட்டுக் களத்தில் இப்போது லாரி திரும்புகிறது.
கித்தா மரம் நாலே நாலு,
காட்டுவதற்கென்று விட்டுவைத்தவை.
நானே வெட்டுவேன், பால் வழியும், படம் எடுப்பார்கள்.
இவர் எடுக்கவில்லை.
கத்தியைக் கேட்டு வாங்கி
உள்ளங்கையில் எடை பார்த்தார்.

திரும்பும் வழியில்
எட்டாம் நம்பர் பாலம் தாண்டியதும்
தண்டவாளம் போட்ட கதையை எடுத்தேன்.
'இங்கே நிறுத்துங்கள்.'
பார்க்க ஒன்றுமில்லையே, என்றேன்.
'வரும்போதும் இதே இடத்தில்
உங்கள் குரல் உயர்ந்தது.
எனக்கும் ஒரு வளைவு உண்டு.
அங்கே வண்டி திரும்பும்போதெல்லாம்
எதிர்ப்பக்கச் சன்னலில்
தேவாலயக் கோபுரத்தைக் காட்டிவிடுவேன்.'

எஞ்சினை அணைத்தேன்.
ஏர்கோன் அடங்கியதும் பூச்சிகளின் இரைச்சல்.
செம்பனை. செம்பனை. ஒரு நீலத் தண்ணீர்த் தொட்டி.
அதற்குப் பின்னாலும் செம்பனை.

ஆங்கிலத்தில் ஆரம்பித்தேன்.
என் ஆங்கிலம் மணிக்கூண்டுக்குப் பழகியது,
இரண்டு வாக்கியத்தில் படுத்துக்கொண்டது.
தமிழில் சொன்னேன்.
புதைத்த இடத்தின் மேல் உழுது கன்று வைத்தார்கள் என்று.
தொட்டியிலிருந்து மூணாவது வரிசையா நாலாவதா என்பதில்
அப்பாவுக்கும் எனக்கும் கடைசிவரை ஒத்துப்போகவில்லை என்று.
ஏழு வயது என்று. பவளக்கொடி என்று.

அவர் தலையாட்டவில்லை.
பிறகு தன் மொழியில் ஏதோ சொன்னார், என்னுடையதைவிட நீளமாக.
நடுவில் ஒரு பெயர் வந்தது.
பெயர் என்பது மட்டும் விளங்கியது.
பழக்குலை ஏற்றிய லாரி பின்னால் வந்து
ஹார்ன் அடித்தது. ஒதுங்கினோம்.

ரயிலடியில் எண்ணிக் கொடுத்தார்:
நூறு, நூறு, நூறு, ஐம்பது.
அதற்கு மேல் ஒரு காசு வைக்கவில்லை.
தொழில் தெரிந்தவர்.

அடுத்த செவ்வாய் ஒரு டச்சுக் குடும்பம், நாலு பேர்.
பாலம் வந்தது.
தண்டவாளம் போட்ட கதையைச் சொன்னேன்.
பின்சீட்டில் சின்னப் பையன்
காதைப் பொத்திக்கொண்டான்.