ஆறு இதழ்

பர்லியாரில் பஸ் பத்து நிமிடம் நிற்கும்.
இன்ஜின் சூடு ஆறும்வரைதான் என் வியாபாரம்.
குரங்குக்குக் கம்பு,
மங்குஸ்தானுக்கு ஈரச்சாக்கு.

பின்கூடையில் துரியன் ஒன்று வெடித்திருந்தது.
டிரைவர் முதல் எல்லோரும் மூக்கைப் பொத்த
அவள் மட்டும் மூச்சை உள்ளே இழுத்தபடி இறங்கினாள்.

எந்த ஊரும்மா?
சந்தபுரி.
சத்தி பக்கமா, பவானி பக்கமா?
சிரித்தாள். தாய்லாந்தாம்.
பேசிய தமிழில் கீழக்கரை வாடை.
சனி ஞாயிறு தெருவில் மேசை போட்டு
காகித மடிப்பில் சிவப்புக்கல் விற்பார்களாம்.
கல் பார்க்கப் போன மனுஷன்
இப்போது குன்னூரில் தேயிலை பார்க்கிறார்.

கடல் உண்டா உங்கள் ஊரில்?
அரைமணி தூரம். ஊரில் நின்றால் தெரியாது.
எங்களுக்கு ஊட்டிக் குளிர் அப்படித்தான் என்றேன்
கழுத்து வியர்வையைத் துடைத்துக்கொண்டு.

பழம் ஒன்றைக் கவிழ்த்தாள்.
அடியில் காய்ந்த பூப்போல ஒரு முத்திரை.
நகத்தால் இதழ் எண்ணினாள்.
ஆறு. உள்ளே ஆறு சுளை.
தப்பினால் இரட்டைக் காசு,
சரியென்றால் பழம் சும்மா.

இருபத்திரண்டு வருடமாய் விற்கிறேன்,
ஒருநாளும் கவிழ்த்துப் பார்த்ததில்லை.

பிளந்தேன். கண்டக்டர் விசில் ஊதினார்.
இரண்டு தலையும் குனிந்து எண்ணின.
நான் ஆறு என்றபோது
அவள் ஹொக் என்றாள்.

பஸ் வளைவில் மறைந்ததும்
கூடை முழுக்கக் கவிழ்த்தேன்:
ஐந்து, ஏழு, ஐந்து, ஆறு,
ஒரே ஒரு எட்டு.

எட்டைச் சாக்குக்கு அடியில் தள்ளினேன்.
வரட்டும்.
அடுத்த பந்தயம் என்னுடையது.