திப்பி, குருணை, ஈரமாவு

தூரிட் லாங்நெஸ், நார்வேக்காரர்.
இருபத்தாறு குளிர்காலம் பனி வாரும் வண்டி ஓட்டி
அந்தச் சம்பளத்தில் ஐந்து படம் எடுத்தார்.
மொத்தம் முன்னூற்றுத் தொண்ணூறு நிமிடம்.
சேகோ மில்லில் கணக்கெழுதும் எனக்கு
முதலில் கண்ணில் பட்டது அதுதான்:
ஒரு குளிர்காலத்துக்குப் பதினைந்து நிமிடம்.
மகசூல் குறைவு.

நாலாவது படத்துக்குத் தமிழ் சப்டைட்டில் நான்.
சுலபம் என்றார் அர்த்தநாரி.
நாற்பத்தொரு வரிதான் பேசுகிறார்கள்.
அதில் பதினேழு பனியைப் பற்றி.

விழுகிற பனி வேறு, கிடக்கிற பனி வேறு,
கைக்குள் உருளாமல் உதிர்வது,
வெயில் தொட்டு இறுகியது, வேறு வேறு.
எனக்கோ மார்கழி விடியலில்
வண்டி சீட்டில் துடைக்கிற ஒரே பனி.
மூன்று இரவு ஆங்கில வரியை வெறித்திருந்து
நாலாம் நாள் மில் களத்தைப் பார்த்தேன்.
உதிர்வதற்குக் குருணை என்று எழுதினேன்.
கசடாய்க் கிடப்பதற்குத் திப்பி.
பூட்ஸில் அப்புவது ஈரமாவு.

உடையாப்பட்டி மண்டபத்து மாடி.
பந்திக் கூடத்தில் ரச வாசனை இன்னும் போகவில்லை.
பத்தொன்பது பேர்.
தூரிட்டின் கேமரா நகராது.
ஆள் வெளியே போன பிறகும்
கதவையே பார்த்திருக்கும்,
எதையோ மறந்து திரும்பி வருவார் என்பதுபோல.
சில சமயம் வருவார்.
பாட்டு கிடையாது. பிரிட்ஜ் உறுமுவது மட்டும்.
"ஸ்டக் ஆயிருச்சா?" என்றது ஒரு குரல்.
ஒருவர் ஆத்தூர் பஸ்ஸைச் சொல்லி எழுந்தார்.

பிறகு துருவத்து நீண்ட இரவு.
திரை முழுக்கக் கறுப்பு, யாரோ மூச்சுவிடும் சத்தம்.
அதுவும் நின்றது.
உட்கார்ந்திருந்தோம்.
பக்கத்தில் ஒரு வளையல் மெல்ல மேலேறியது.
லாரி ஒன்று கியர் மாற்றிக்கொண்டு போனது.
நார்வேயிலும் இதே லாரிதான்போல என்று நினைத்தேன்.
"கரன்ட் போயி நாலு நிமிஷமாச்சுங்க"
என்றார் ப்ரொஜெக்டர் மாதேசு.

வந்ததும், கம்பளித் தொப்பிக்குள் முகம் தெரியாத ஒருத்தி
வாசலில் பனி வாருகிறாள்.
பதினொரு நிமிடம். வெட்டே இல்லை.
எங்கள் களத்தில் ஜவ்வரிசி காயவைக்கும் பாவாயி அக்கா
(டிக்கெட் இல்லை என்று சொல்லிக் கூட்டிவந்திருந்தேன்)
எட்டாவது நிமிடத்தில் உரக்கச் சொன்னார்:
"நடுவுல இருந்து வாருறா பாரு. இடுப்பு போயிரும்."
அப்புறம் பேசவில்லை.
கைகள் மட்டும் மடியில்
பலகைக் காம்பைப் பிடித்த வாக்கில் கிடந்தன.

தூரிட்டுக்கு எழுதினேன்,
நாலு நிமிடத்தையும் இடுப்பையும்.
இரண்டு மாதம் கழித்துப் பதில்.
வண்டி ஓட்டுகிற காலம், தாமதத்துக்கு மன்னிக்கவும்.
இருட்டைப் படத்தோடு சேர்த்துக்கொள்ளலாம்.
தொப்பிக்குள் இருந்தது தானேதானாம்,
சம்பளத்துக்கு ஆள் வைக்கப் பணமில்லை.
இடுப்பு அன்றைக்கே போனது.

களத்தில் வைத்து வாசித்துக் காட்டினேன்.
"சொன்னேன்ல" என்று
பாவாயி அக்கா ஓரத்திலிருந்து தள்ளத் தொடங்கினார்.
முன்னூற்றுத் தொண்ணூற்று நாலு என்று
நான் திருத்தி எழுதினேன்.