கொள்ளையன் பேரில் பற்று

பதிப்பகத்தார் கேட்டது ஒரே ஒரு பக்கம்.
"வரலாற்றுப் பின்னணி, அரசியல் சூழல்,
பள்ளிப் பிள்ளைகளுக்கும் விளங்கணும்."
கதையே பதினொரு பக்கம்தான்.
ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து நாலில்
காரைக்குடி அச்சகம் ஒன்று
பழுப்புத் தாளில் போட்டு ஓரணாவுக்கு விற்றது.

மழை. ஐராவதியின் கிளையாறு. நடுச்சாமம்.
வட்டிக்கடை அடுத்தாள், இருபத்திரண்டு வயது,
தங்கம் நிறைந்த இரும்புப் பெட்டியைச் சம்பானில் ஏற்றுகிறான்.
கரையெங்கும் தீப்பந்தம்.
உடம்பெல்லாம் பச்சை குத்திய ஒற்றைக்கண் கொள்ளையன்
குண்டு என்னைத் துளைக்காது என்று கூவி வருகிறான்.
ஏழாம் பக்கத்தில் துளைக்கிறது.
மிச்சமெல்லாம் துடுப்பு, முதலை,
விடிந்ததும் ரங்கூனில் நங்கூரம் தூக்கும் கப்பல்.

நன்றாகத்தான் எழுதியிருக்கிறார் மனிதர்.
மூன்றாம் தடவையும் முதலை வரும் இடத்தில்
காலைத் தூக்கி நாற்காலியில் வைத்துக்கொண்டேன்.

பெத்தபெருமாள், பள்ளத்தூர்.
அந்த அடுத்தாளே அவர்தானாம்.
பெட்டிகூட இருக்கிறது, வந்து பாருங்களேன் என்றார்கள்.
இரண்டாம் கட்டில்,
கல்யாணத்துக்கு வாடகைக்குப் போகும் அண்டாக்களுக்குப் பின்னால்
பூட்டில்லாமல் கிடந்தது.
தங்கம் இல்லை.
பேரேட்டு நகல், கரையான் தின்றது போக முந்நூறு பக்கம்.

தேக்குத் தூணில் சாய்ந்து புரட்டினேன்.
அந்தத் தூணும் அதே ஆற்றில் மிதந்து வந்ததுதான்.

*மவுங் பா தின் பேரில் பற்று ௪௱.*
விதைநெல்லுக்கு, எருமைக்கு, மகள் காதுகுத்துக்கு.
மாதம் நூற்றுக்கு ஒன்றரை.
அடையாளம்: வலக்கன்னத்தில் மச்சம்.
கீழே இடது பெருவிரல்,
ஈர வயலில் பதிந்த குளம்பு மாதிரி.

கொள்ளையனுக்கும் கதையில் அதே பெயர், அதே மச்சம்.
மாற்றணும் என்றுகூட அவருக்குத் தோன்றவில்லை.

ஆனால் இருபத்தெட்டில் பா தின்னுக்கு
இரண்டு கண்ணும் இருந்திருக்கிறது.
இல்லையென்றால் மச்சத்தையா எழுதுவார்கள் அடையாளமாக?

பிறகு முப்பது.
எந்தச் சீமையிலோ யாரோ பங்குப் பத்திரத்தை விற்றார்கள்,
இங்கே நூறு கூடை நெல் பாதி விலைக்கு விழுந்தது.
வெள்ளைக்கார வங்கி கடையை நெருக்கியது,
கடை பா தின்னை நெருக்கியது,
பா தின்னுக்கு நெருக்க யாருமில்லை.
சர்க்கார் தலைவரிக்கு மட்டும் விலையிறக்கம் கிடையாது.
*பதினாலு ஏக்கர் கிரயம்* என்று ஒரு வரி.
நிலத்தை வைத்துக்கொண்டு என்ன செய்ய என்று
முதலாளி ஊரிலிருந்து திட்டி எழுதிய கடுதாசி ஒன்றும்
அங்கேயே மடிந்து கிடந்தது.
மார்கழியில் தாராவடியில் கலகம் மூண்டது.
பச்சை குத்திக்கொண்டவர்கள் துப்பாக்கிக்கு எதிரே நடந்தார்கள்.

கண் எப்போது போயிற்று?
துப்பாக்கி எடுத்ததா, பேனா எடுத்ததா?
பேரேட்டில் அதற்குப் பத்தி இல்லை.

நிலம் போகவும் பாக்கி நூற்றிருபது.
மூடிவைக்கப் போனவள் வரவுப் பக்கத்தைப் பார்த்தேன்.
வேறு மை, அதே சாய்ந்த எழுத்து.
முப்பத்து நாலு, ஐப்பசி.

*மவுங் பா தின் பேரில் வரவு ௫.
அச்சகத்தார் கதைக்குத் தந்தது.
பாக்கி ௱௰௫.*

கேலியா? கழுவாயா?
இல்லை, வந்த காசை யார் பேரிலாவது வைத்தே ஆகணும் என்ற
கணக்குப்பிள்ளைப் புத்தியா?
ஏழாம் பக்கத்தில் செத்தவன் பேரில்
கணக்கு மட்டும் நடந்துகொண்டிருக்கிறது.

பதிப்பகத்துக்கு அந்த ஒரு பக்கத்தைப் படமெடுத்து அனுப்பினேன்.
முன்னுரை எங்கே என்று கேட்டார்கள்.
தமிழ் எண் வாசிக்கத் தெரிந்தவர்
யாராவது அங்கே இருக்கிறார்களா என்று கேட்டேன்.