நாற்பதால் பெருக்குவது

ஆறு பேருக்கான குறிப்பு அது.
ஆர்டிஸ் தோர்வால்டின் அலமாரிக் கதவில்
எண்ணெய்க் கறையோடு ஒட்டிக் கிடந்தது.
இன்று இருநூற்று நாற்பது பேர்.
பன்றித் தொழிற்சாலை வாசலில் எங்களுக்குப் பதினோராம் நாள்.
மின்னசோட்டா ஜனவரி; மூக்குக்குள் முடி உறைகிறது.

நாற்பதால் பெருக்கினால் முடிந்தது என்றார் லோரென்ஸ் ஃபைஃபர்,
எலும்பு பிரிக்கும் வரிசையில் பத்தொன்பது வருடம் நின்றவர்,
தேவாலயத்து மொக்கைக் கத்தியால்
வெங்காயத்தோடு மல்லுக்கட்டியபடி.
"இது கத்தியா, கரண்டிக்குத் தம்பியா?"

பெருக்கினோம்.
பீன்ஸ் பெருகியது:
ராத்திரி ஊறப்போட்ட ஐந்து வாளியும்
விடிவதற்குள் மூடியைத் தலையில் தூக்கிக்கொண்டு நின்றன.
தக்காளி பெருகியது,
டின் திறப்பான் முப்பத்தோராவதில் உயிரை விட்டது.
மாட்டுக்கறி பெருகவில்லை.
சங்கத்து உண்டியல் இருபத்தைந்து கிலோவோடு நின்றுவிட்டது.

மிளகாய்த்தூள் வாய்ப்பாட்டுக்கு அடங்காத சாமான்.
ஐந்து கோப்பை என்றது காகிதம்.
ஆர்டிஸ் ஒன்றரையில் டப்பாவை மூடினாள்.
"கூட்டம் கூடலாம், காரம் கூடாது.
வாசலில் கழிப்பறை ஒன்றுதான் இருக்கிறது."

சர்க்கரைக்கு மட்டும் அவள் கணக்குப் பார்க்கவில்லை.
பத்துக் கோப்பை பழுப்புச் சர்க்கரை,
அதன்மேல் கருத்த பாகு ஒரு புட்டி
வாய் கவிழ்ந்து
இறங்கவா வேண்டாமா என்று யோசித்து யோசித்து இறங்கியது.
யூசேபியோ கையைத் தலையில் வைத்துக்கொண்டான்:
"பீன்ஸில் சர்க்கரையா?
எங்கள் ஊரில் இப்படிச் செய்தால் கல்யாணம் நின்றுபோகும்."
"உங்கள் ஊரில் யாராவது
மைனஸ் இருபத்திரண்டில் பதாகை பிடிக்கிறார்களா?
கிண்டு."

ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம்;
பீன்ஸிடம் அந்தப் பேச்சு எடுபடாது.
ஒன்று வெண்ணெயாய் நசுங்கும்,
பக்கத்தில் இருப்பது பல்லைக் கேட்கும்.
ஒவ்வோர் அண்டாவிலும் பத்துப் பத்தாய் நசுக்கிப் பார்த்தோம்.
பார்த்ததிலேயே ஒரு கிண்ணம் காலி.

பிறகு வழக்கம்போல, யோசிக்காமல்,
ஆர்டிஸ் பையிலிருந்து பேக்கன் பொட்டலம் எடுத்தாள்.
இனிப்புக்கு அது துணை, முப்பது வருடப் பழக்கம்.
கத்தரிக்கோல் நுனி பிளாஸ்டிக்கைத் தொட்ட நேரம்
எதிரே ஹோதான் வர்சாமே.
கறி அத்தனையும் அவள் ஒன்றுவிட்ட அண்ணன் கடையில்
ஹலால் என்று கேட்டு வாங்கி வந்தது,
மூன்று அண்டாவிலும் யாரும் கை நனைக்கலாம் என்பதற்காக.
ஹோதான் ஒன்றும் சொல்லவில்லை. கிண்டுவதை நிறுத்தினாள்.
ஆர்டிஸின் கழுத்து சிவந்தது.
பொட்டலம் கோட்டுப் பைக்குள் போனது.
கரண்டி மறுபடி சுழன்றது.

மதியம் வாசலில் வரிசை நீண்டது.
கிண்ணத்தைக் குடிப்பதற்கு முன்
கன்னத்தில் வைத்துக்கொண்டார்கள்.
யூசேபியோ மூன்று முறை வாங்கி
மூன்று முறையும் இனிப்பு என்று குறை சொன்னான்.
கம்பெனி காவலாளி
காருக்குள் கண்ணாடியை ஓர் அங்குலம் இறக்கினான்,
வாசனைக்கு. யாரும் கொண்டுபோய்க் கொடுக்கவில்லை.
நானும்தான். இப்போதும் அதைப் பற்றி எனக்குத் தீர்மானமில்லை.

இருட்டியபின் அண்டா சுரண்டும்போது
கையுறை தேடிய ஆர்டிஸின் கையில்
பலகைபோல் விறைத்த பேக்கன்.
அசட்டுச் சிரிப்போடு மேசையில் போட்டாள்,
டக்கென்றது.

லோரென்ஸ் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி
அடியில் இருந்த எண்ணைப் படித்தார்:
"நம்ம ஆலை.
வேலைநிறுத்தத்துக்கு முந்தின செவ்வாய்.
இரண்டாம் ஷிஃப்ட், நாலாம் வரிசை."

நாலாம் வரிசை ஹோதானுடையது.
ஈரக் கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு
கிட்டே வந்தாள்.
தொடவில்லை. குனிந்து பார்த்தாள்,
ஓரம் ஓரமாக, நிதானமாக.

"ஒட்டு நேராக விழுந்திருக்கிறது," என்றாள்.