கோப்பு இருக்கிறது

நீடாமங்கலம் ரயில்வே கேட்டில் நின்ற அரைமணியில்
மூன்று முறை போன் வந்துவிட்டது.
கொள்முதல் நிலையத்தில் எடை நின்னுபோச்சு மேடம்,
தராசு நல்லாத்தான் இருக்கு,
திரையில் மட்டும் சிவப்பா ஒரு வரி:
நூலகக் கோப்பைத் திறக்க இயலவில்லை.

நெல்லுக்கு எதுக்கு நூலகம்
என்று கேட்டாராம் பட்டியல் எழுத்தர் இருதயராஜ்.

புத்தகம் ஒன்றுகூட இல்லாத நூலகம் அது.
முந்நூறு வரி எழுதி
இயந்திரத்துக்குப் புரிகிற பதத்தில்
நான் அரைத்து வைத்த ஒற்றைக் கோப்பு.
ஈரம் பதினேழைத் தாண்டினால் எத்தனை கிலோ கழிவு,
சிட்டாவில் இருப்பவரும் வங்கியில் இருப்பவரும் ஒருவர்தானா,
எல்லாவற்றையும் தரவுத்தளம் அதைத்தான் கேட்கும்.
ஊருக்கு ஒரு பிரதி கிடையாது.
மூணாறு தலைப்பில் வெண்ணாறு பிரிந்து
கோரையாறு, பாமணியாறு என்று போகிற மாதிரி
மன்னார்குடியும் வலங்கைமானும் குடவாசலும்
அந்த ஒன்றில்தான் வாய் வைத்திருக்கின்றன.
நேற்று ராத்திரி சர்வரைப் புதுப்பித்தது நான்.
அதை இருதயராஜிடம் சொல்லவில்லை.

கேட் திறந்தபோது
கிழக்கே, வேளாங்கண்ணிப் பக்கம், வானம் கறுத்திருந்தது.

சாக்குக் கட்டின்மேல் மடிக்கணினி.
கோப்பு இல்லை என்கிறது.
போய்ப் பார்த்தால் இருக்கிறது,
அதே அடைவில், அதே பெயரில்,
கடைசி பைட் வரை அதே கனத்தில்.
அனுமதியைத் தளர்த்தினேன். இல்லை.
பாதையைத் திருத்தி எழுதினேன். இல்லை.
பிறகுதான் உறைத்தது,
பிழை வரியைப் பாதியிலேயே விட்டிருந்தேன்.
காணாமல் போனது என் கோப்பு இல்லை,
அது தோள் சாய்ந்து நின்ற இன்னொன்று;
புதுப்பித்தபோது பழையதென்று கழித்துக் கட்டப்பட்டது.
வரியின் கடைசியில் அதன் பெயரும் எண்ணும்
பொறுமையாகக் காத்திருந்தன.

புதுத் தொகுப்பியில் திரும்ப அரைத்தேன்.
இப்போது வேறு வரி:
கோப்பு கிடைத்தது.
உள்ளே ‘ஈரக்கழிவு’ என்ற பெயர் கிடைக்கவில்லை.

உள்ளிருக்கும் பெயர்களைக் கொட்டிப் பார்த்தேன்.
நான் வைத்த பெயருக்கு முன்னால் ஒரு கீழ்க்கோடு, ஒரு இஸட்,
எழுத்துகளை எண்ணிப் போட்ட எண்,
வாலில் வந்தவர் போனவர் விலாசமெல்லாம்.
பத்திரத்தில் தகப்பன் பேர், தாலுகா, கிஸ்தி எண் சேர்த்து
ஆளையே அடையாளம் தெரியாமல் ஆக்குவார்களே, அப்படி.
ஒரே ஒரு வரி சேர்த்தேன்:
இந்தப் பெயரைத் தொடாதே, இருப்பது போல இருக்கட்டும்.

சிவப்பு போனது.
தராசுச் சங்கிலி கிணுங்கியது.
லோடுமேன் ஒருவர் பீடியைக் காலில் அணைத்துவிட்டு
மூட்டைக்குக் கொக்கி போட்டார்.
டீ வந்தது. சர்க்கரை அதிகம்.

பதினோராவது ஆள் பூவனூர் வைரக்கண்ணு.
எடை சரி. ஈரம் பதினாறு, கழிவே இல்லை.
திரையில் அமைதியாக: பொருந்தவில்லை.
சிட்டாவில் வைரக்கண்ணு.
பாஸ்புக்கில் வயிரக்கண்ணு.

போன போகத்துப் பணமே இன்னும் ஏறல,
என்றார், யாரிடமும் இல்லை, மூட்டைகளிடம்.
இருதயராஜ் அடுத்த சீட்டைக் கூப்பிட்டார்.

எந்தப் பிழையும் வரவில்லை.
கோப்பு திறந்தது, பெயர் கிடைத்தது,
சார்பு ஓடியது, விடை சொன்னது.
எழுத்துக்கு எழுத்து ஒப்பிடு,
ஒன்று பிசகினாலும் ‘இல்லை’ என்று சொல்
என்று அதற்குச் சொல்லிக் கொடுத்தது நான்.
எழுதிய அன்று
கச்சிதம் என்று எனக்கே ஒரு சந்தோஷம் இருந்தது.

தார்ப்பாயில் முதல் துளிகள்.
ஆட்கள் ஓடுகிறார்கள், செங்கல் தேடுகிறார்கள், 
ஒரு நுனியை வைரக்கண்ணு பிடித்திருக்கிறார்,
அவருடைய நெல் இல்லை அது, பக்கத்துக் குவியல்.

நான் மூடிய மடிக்கணினியைத் திறக்கிறேன்.
வரி இருநூற்றுப் பதினாலு.
மேலதிகாரி உத்தரவு வேண்டும் இதற்கு.
அதோடு இன்னும் மூன்று ஊர் எடை இதில் ஓடிக்கொண்டிருக்கிறது.